சாய வாளியும் கிழித்த பத்திரிகையும்

படக்காட்சி முடிந்து கொட்டகையை விட்டு வெளியே வரும் நம்மவரை நிறுத்திப் படம் எவ்வாறு என்று வினவினால், கதாநாயகன் பெயரைச் சொல்லுவர். நாயகியின் அழகைச் சொல்லுவர். பாட்டுக்கள் எத்தனை, சண்டைகள் எத்தனை என்று கணக்கும் சொல்லுவர். அந்த அரண்மனைத் தூணைப் பலகையாலும் சுண்ணச் சாந்தாலும் சமைத்தவர் யார், அந்த நூறு சிப்பாய்களுக்கும் முகம் பூசி அனுப்பியவர் யார் என்று கேட்டோமானால் நம்மை ஏற இறங்கப் பார்ப்பர். பெயர்வரிசை திரையில் ஓடிய நேரமெல்லாம் நம் நாட்டுக் கொட்டகைகளில் நெடுங்காலம் கச்சாங் பூத்தே வாங்கும் நேரமாகவே கழிந்தது. பத்திரிகை எழுதுவோராகிய நாமும் இதில் குற்றமற்றவரல்லேம். 'காட்சி ஜோடனைகள் நன்று' என்று ஒரு வரி எழுதிவிட்டு அடுத்த பத்திக்குப் போய்விடுவது நம் வழக்கம். அவ்வொரு வரிக்குள் தச்சரும் வர்ணக்காரரும் தையற்காரரும் முகப்பூச்சுக்காரரும் விளக்குத் தூக்குவோரும் ஒருங்கே புதைந்து போகின்றனர்.

புதைந்தோரைப் பற்றித் தமிழர் ஒருவர் எழுதிய இரு நூல்களை இவ்வாரம் ஆராய எடுத்துக்கொண்டோம். இரண்டையும் எழுதியவர் அசோகமித்திரன். ஒன்று, 1969-இல் நூலாக வெளிவந்த 'கரைந்த நிழல்கள்' என்னும் நாவல். மற்றொன்று, அவர் ஆங்கிலத்தில் எழுதி 2002-இல் வெளிவந்த 'மை இயர்ஸ் வித் பாஸ்' என்னும் நினைவுக் குறிப்பு. பாஸ் என்று அவர் குறிப்பது ஜெமினி ஸ்டூடியோ அதிபரும் ஆனந்த விகடன் உரிமையாளருமாகிய எஸ். எஸ். வாசன் அவர்களை. இந்நினைவுக் குறிப்புக்களினின்று எடுத்த பகுதியொன்று இந்தியப் பள்ளிகளின் 12-ஆம் வகுப்பு ஆங்கிலப் பாடநூலிலும் சேர்க்கப்பட்டது. பாடமாகப் படித்த பிள்ளைகள் பலர் அதை வேடிக்கைக் கட்டுரை என்றே எண்ணியிருப்பர். அதில் வேடிக்கை மட்டுமா இருக்கிறது என்பதே நம் கேள்வி.

ஆசிரியர் யார் என்பதை முதலில் சொல்லிவிடுவது நலம். தியாகராஜன் என்னும் இயற்பெயர் கொண்ட இவர் 1931-இல் செகந்தராபாத்தில் பிறந்தவர். 1952-இல் சென்னை வந்து ஜெமினியில் வேலைக்கமர்ந்து, 1966 வரையில் அங்கிருந்தார். நடிக்கவில்லை; பாட்டெழுதவில்லை; வசனம் எழுதவில்லை. நாள்தோறும் பத்திரிகைகளைப் பிரித்து, பல பொருள்கள் பற்றிய செய்திகளைக் கிழித்தெடுத்தும் கையால் படியெடுத்தும் கோப்புக்களில் சேர்த்து வைப்பதே அவருக்கிட்ட பணி. காலை முதல் மாலை வரை ஒரு சிற்றறையில் உட்கார்ந்து காகிதம் கிழிக்கும் மனிதனைக் கண்டவர்கள், இவனுக்கு வேலையே இல்லை என்று முடிவுகட்டினர். ஆதலின் யாருக்குப் பொழுது போகவில்லையோ அவர் அச்சிற்றறைக்குள் நுழைந்து உபதேசம் செய்யத் தொடங்கிவிடுவாராம். சும்மா இருப்பவனாகத் தோன்றுகிறவன் காதில் எல்லாரும் எல்லாவற்றையும் கொட்டுவர். அவ்வாறு கொட்டப்பட்டவற்றைப் பல்லாண்டு சுமந்திருந்து பிற்காலத்தில் அவர் எழுதினார்.

அவர் சேர்ந்த நிலையத்தின் பெருமை அப்பொழுதே ஊரறிந்தது. 1948-இல் வெளியான 'சந்திரலேகா' அந்நிலையத்தின் படைப்பு. அப்படத்தின் முரசு நடனத்தை அறியாத தமிழ்ப் படரசிகர் இலர். ஆளுயரத்துக்கு மேற்பட்ட முரசுகளை வரிசை வரிசையாக நிறுத்தி, அவற்றின்மேல் பெண்டிர் ஆட, முடிவில் முரசுகளுக்குள் ஒளிந்திருந்த வீரர்கள் வெளிப்பட்டு அரண்மனையைத் தாக்கும் காட்சி அது. அக்காட்சியைப் பற்றி எழுதாத பத்திரிகை இல்லை. எழுதியவரெல்லாம் வாசனைப் புகழ்ந்தனர், அவர் செலவிட்ட இலட்சங்களைப் புகழ்ந்தனர். புகழ்ச்சிக்கு அவர் உரியவரே. ஆனால் படத்தின் கலை இயக்குநர் ஏ. கே. சேகர் என்பது நம்மில் எத்தனை பேருக்குத் தெரியும்? அவருக்குக் கீழே நின்று முரசுக்கு வளையம் வளைத்தவர், தோல்போலத் தோன்ற வர்ணம் தீட்டியவர், மேலே ஆடுவோர் கால் சறுக்காதபடி பலகை அடித்தவர் ஆகியோரைப் பற்றிக் கேட்கவே வேண்டுவதில்லை.

இனி நூலுக்கு வருவோம். ஜெமினியின் முகப்பூச்சுப் பகுதி, ராபர்ட் கிளைவின் குதிரை லாயம் என்று மக்கள் நம்பிய ஒரு கட்டடத்தின் மாடியில் இருந்ததாம். சென்னையில் கிளைவின் வீடு என்று சொல்லப்படும் கட்டடங்கள் இன்னும் ஒரு பன்னிரண்டு உண்டென்று ஆசிரியர் நகைக்கிறார். பான்கேக் என்னும் முகப்பூச்சை அந்நிலையம் வண்டி வண்டியாக வாங்கியது. அறையைச் சுற்றிலும் பெரிய கண்ணாடிகள். எப்பக்கமும் சூடு கக்கும் மின்விளக்குகள். நடுவே உட்கார்ந்தவர் வெந்து போவார். அக்காலத்தில் வெளிப்புறப் படப்பிடிப்பு நூற்றுக்கு 5 பங்குதான். மற்றதெல்லாம் நிலையத்துக்குள், விளக்குகளின் கீழ். அவ்விளக்குகளின் கீழே முகம் முகமாய்த் தெரிய வேண்டுமாயின், அதை முதலில் விகாரமாக்க வேண்டும் என்பது அக்காலத் தொழிலறிவு. ஒழுங்கான தோற்றமுடைய ஆணையும் பெண்ணையும் உள்ளே அனுப்பினால், செம்பூதங்களாக்கி வெளியே அனுப்பினர் என்பது ஆசிரியர் கூற்று.

இப்பகுதியில் நம்மை நிறுத்தி வைத்தது அவ்வறையின் படிவரிசையே. தலைமை முகப்பூச்சுக்காரர் தலைமை நடிகர்க்கும் நடிகைக்கும் மட்டுமே கை வைப்பார். அவருடைய மூத்த உதவியாளர் இரண்டாம் நாயகன் நாயகியர்க்கு. இளைய உதவியாளர் தலைமை விகடனுக்கு. இப்படியே இறங்கி இறங்கி, கும்பல் காட்சிக்கு வரும் பெயரற்ற கூட்டத்துக்கு ஆபீஸ் பையன். முகப்பூச்சுப் பகுதிக்கும் ஓர் ஆபீஸ் பையன் இருந்தார் என்பதே வியப்பு. கும்பல் காட்சி எடுக்கும் நாளில் அவர் ஒரு பெரிய பாத்திரத்தில் சாயத்தைக் கலக்கி, வரிசையில் நிற்போர் முகத்தில் அறைந்துகொண்டே போவாராம். முகத்திலுள்ள மயிர்த்துளை ஒவ்வொன்றையும் அடைத்துவிடுவதே நோக்கம்.

தோட்டத்தில் பிறந்து வளர்ந்த நம் நேயர்களுக்கு இவ்வரிசையை விளக்க வேண்டியதில்லை. துரை, சின்ன துரை, பெரிய கிராணி, சின்ன கிராணி, கங்காணி, பிறகு லயத்து மக்கள் என்று நாம் பார்த்த ஏணி அது. துரைக்குப் பெரிய கிராணி தலை வணங்குவார். பிரட்டில் நிற்போரிடம் கங்காணி குரலை உயர்த்துவார். அவரவர் இடத்தில் அவரவர் கை. கலை வளர்க்கும் கூடத்திலும் இதே ஏணி சாத்தப்பட்டிருந்தது என்பதை நட்சத்திரங்களைப் பற்றிய எந்த நூலும் நமக்குச் சொன்னதில்லை. காகிதம் கிழித்தவர்தாம் சொன்னார்.

அதே அறையைப் பற்றி அவர் சொல்லும் இன்னொரு செய்தியும் பொன்னெழுத்துக்குரியது. அப்பகுதிக்கு முதலில் ஒரு வங்காளி தலைவராயிருந்தார். அவர் போனபின் ஒரு மராட்டியர். உதவிக்குத் தார்வார்க் கன்னடர் ஒருவர், ஆந்திரர் ஒருவர், சென்னைக் கிறிஸ்தவர் ஒருவர், ஆங்கிலோ பர்மியர் ஒருவர், அவர்களுடன் வழக்கம்போல் தமிழர். தேச ஒற்றுமையைப் பற்றி வானொலி முழங்கத் தொடங்குமுன்னரே அவ்வறையில் ஒற்றுமை நிலவியது என்று ஆசிரியர் குறிப்பிடுகிறார். நகையோடு குறிப்பிட்டாலும் அஃது உண்மையே. பிறந்த இடம் யாது, மொழி யாது என்று பாராமல் கைத்தொழில் அவர்களை ஓரறையில் சேர்த்தது. ஆனால் சேர்த்த அதே அறை, சேர்ந்தவர்களைப் படிப்படியாக அடுக்கியும் வைத்தது. இவ்விரண்டும் ஒரே இடத்தில் நிகழ்ந்ததை ஆசிரியர் பக்கத்திலே பக்கத்திலே வைத்துக் காட்டுகிறார், உரத்துச் சொல்லவில்லை. உரத்துச் சொல்லியிருந்தால் நமக்கு இன்னும் பிடித்திருக்கும். அது அவர் வழியன்று.

இனி நம் முறையீட்டுக்கு வருகிறோம். ஆபீஸ் பையன் என்றழைக்கப்பட்ட அம்மனிதர் பையன் அல்லர், நாற்பதைக் கடந்தவர். நட்சத்திர நடிகராகவோ, கதாசிரியராகவோ, இயக்குநராகவோ, பாட்டெழுதுபவராகவோ ஆகலாமென்ற ஆசையோடு பல ஆண்டுகளுக்கு முன்னர் நிலையத்துக்குள் நுழைந்தவர். கொஞ்சம் கவிதையும் எழுதுவார். ஆசை ஒன்றும் கைகூடாமல் வாளியோடு நின்றுவிட்டார். தம் தாழ்வுக்கெல்லாம் கொத்தமங்கலம் சுப்புவே காரணம் என்று அவர் நம்பினார். சுப்புவோ நிலையத்தில் வாசனுக்கு அடுத்த நிலையில் இருந்தவர். காட்சி ஒன்று சரிவரவில்லை என்று தயாரிப்பாளர் முகம் சுளித்தால் மறுகணமே பதினான்கு மாற்று வழிகள் சொல்லக்கூடியவர். பிற்காலத்தில் தில்லானா மோகனாம்பாள் எழுதியவர். வாளிக்காரர் அடிக்கடி காகிதம் கிழிப்பவருடைய சிற்றறைக்கு வந்து தம் குறையைக் கொட்டுவார். நாவிதர்க்கே ஏற்ற இப்பகுதியில் தமது இலக்கியத் திறமை வீணாகிறதே என்று புலம்புவார். இவருடைய காவியங்களிலிருந்து தப்ப, எப்பொழுதும் கும்பல் காட்சியாகவே எடுக்க மாட்டார்களா என்று ஆசிரியர் வேண்டிக்கொள்வாராம்.

நேயர்களே, இவ்விடத்தில் சிரிப்பு வருகிறது. நாமும் சிரித்தோம். சிரித்தபின் சற்று நாணினோம். ஏணியின் கடைசிப் படியில் நிற்பவன், தனக்கும் கீழே ஒருவன் வேண்டுமென்று நாவிதரைத் தேடிப் பிடிக்கிறான். முகத்தைத் தொட்டு அழகு செய்யும் தொழில் இழிதொழில் என்பது அவனுக்கு யார் கற்பித்த பாடம்? கவிதை உயர்வு, சவரம் தாழ்வு என்று பிரித்து வைத்த சமுதாயமே கற்பித்தது. அவனை மிதிப்பதும் அதே பிரிவினைதான். அவன் அதையே கையிலெடுத்துப் பிறரை மிதிக்கப் பார்க்கிறான். சீர்திருத்தம் பேசும் இடங்களில் நாம் நாள்தோறும் காணும் நோய் இது. அசோகமித்திரன் இதைக் கண்டார். கண்டதாலேயே அச்சொல்லை விடாமல் பதிந்தார். ஆயினும் அவருடைய நகை, பிரிவினையின்மேல் விழாமல் வாளிக்காரர்மேலேயே விழுந்துவிட்டது என்பது நம் கருத்து. அச்சிற்றறையில் உட்கார்ந்திருந்தவரும் வேலையற்றவரெனக் கருதப்பட்டவர்தாம். எழுத்து அவர் நெஞ்சிலும் இருந்தது. ஒருவருடைய எழுத்து உலகுக்கு வந்தது. மற்றவருடையது வாளியோடு போயிற்று. இருவரும் ஒரே மேசையின் இருபுறமும் அமர்ந்திருந்தனர் என்பதை நினைவுக் குறிப்பு ஓரளவு மறக்கிறது.

இன்னும் ஒரு சிறு நிகழ்ச்சி. நிலையத்தின் கதை இலாகாவில் ஒரு வழக்கறிஞரும் இருந்தார். நாட்டுப்புறத்திலிருந்து வந்த திறமை மிக்க நடிகை ஒருவர், ஒருநாள் படப்பிடிப்பில் கோபம் பொங்கித் தயாரிப்பாளரைத் திட்டிவிட்டார். வழக்கறிஞர் ஓசைப்படாமல் ஒலிப்பதிவு எந்திரத்தை முடுக்கி அத்தனையையும் பதிந்தார். அப்பெண் மூச்சுவாங்க நின்றபொழுது, அவருடைய குரலை அவருக்கே போட்டுக் காட்டினார். தம் குரலைத் தாமே கேட்ட அப்பெண் திகைத்து, அவ்வதிர்ச்சியினின்று மீளவில்லை. ஒளிவிட்டுத் தொடங்கிய அவருடைய கலைவாழ்வு அத்துடன் முடிந்தது. இதைச் சில வரிகளில் சொல்லிவிட்டு ஆசிரியர் அப்பால் போகிறார். பின்னர் கதை இலாகா மூடப்பட்டு, கவிஞர்களோடு அவ்வழக்கறிஞரும் வேலையிழந்தார் என்ற செய்தி வேடிக்கையாக வருகிறது. வழக்கறிஞரின் வேலை போனது நமக்கு வேடிக்கையாகவே பட்டது. அப்பெண்ணின் வாழ்வு போனது அவ்வாறு படவில்லை.

ஆங்கிலக் கவிஞர் ஸ்பெண்டர் நிலையத்துக்கு வந்து பேசியதும், அவர் யார், எதற்கு வந்தார் என்று எவர்க்கும் விளங்காமற் போனதும் நன்றாகச் சிரிக்கக்கூடிய பகுதிகள். நம் பொருளுக்கு அவை வேண்டா. ஆனால் 1952-இல் ஒழுக்கப் புத்தெழுச்சி இயக்கத்தார் ஏறத்தாழ 200 பேர் ஜெமினிக்கு வந்து நாடகங்கள் நடத்திய செய்தி நம் பொருளோடு நெருங்கியது. நாடகங்களின் கருத்து வெறும் நீதிபோதனை; காட்சி ஜோடனையும் உடைகளுமோ முதல்தரம். அவர்கள் போனபின் சில ஆண்டுகள் தமிழ் நாடகமேடை முழுதும், வெற்று மேடையில் வெள்ளைத் திரை கட்டிப் புல்லாங்குழல் ஊத, ஒரு சூரியோதயமும் ஓர் அஸ்தமனமும் நடந்துகொண்டிருந்தனவாம். கலை இயக்கத்தைப் பற்றி எழுத விரும்புவோர் இதனைக் குறித்துக்கொள்க. வந்தவர்களுடைய பிரசாரம் யார் மனத்திலும் தங்கவில்லை. அவர்கள் திரை கட்டிய விதம் தங்கிவிட்டது. வசனகர்த்தா தோற்ற இடத்தில் விளக்குக்காரரும் திரைக்காரரும் வென்றார்கள்.

இனி நாவல். நினைவுக் குறிப்பு நூலாவதற்கு 33 ஆண்டுகளுக்கு முன்னர், ஜெமினியை விட்டு விலகிச் சில ஆண்டுகளுக்குள், 'தீபம்' இதழில் தொடராக எழுதியது இது. சினிமாவைப் பற்றிய கதை என்றதும் நட்சத்திரக் காதலை எதிர்பார்ப்போர் ஏமாறுவர். படம் எடுப்போர் வருகின்றனர், படம் வருவதேயில்லை. ஒரு வெளிப்புறப் படப்பிடிப்பின் ஏற்பாடுகளோடு கதை தொடங்குகிறது. தயாரிப்பு நிர்வாகி நடராஜன் என்பவரைப் பார்க்கிறோம். தயாரிப்பு நிர்வாகி என்றால் பெரிய பதவி என்று மயங்க வேண்டா. வண்டி வந்ததா, ஆட்கள் வந்தார்களா, சோறு வந்ததா, கேட்ட பொருள் கேட்ட நேரத்தில் வந்ததா என்று ஓடுவதே அவர் தொழில். எல்லாம் வந்துவிட்டால் அவரை யாரும் நினைப்பதில்லை. ஒன்று வராவிட்டால் அவர் ஒருவரையே எல்லாரும் நினைப்பர்.

முதலாளி ரெட்டியார். நடிகை ஜயசந்திரிகா படப்பிடிப்புக்கு வர மறுக்க, ரெட்டியார் அவள் வீட்டுக்கே சென்று முகத்துக்கு நேரே நிற்கும் பகுதி தமிழ் நாவல்களில் எளிதில் காணக்கூடியதன்று. பணம் போட்டவன் சினமும், உடல் நொந்து கிடப்பவள் இயலாமையும் ஒரே அறைக்குள் மோதுகின்றன. இங்கே ஆசிரியர் எவரையும் பார்த்துச் சிரிக்கவில்லை. எவர் பக்கமும் சாயவுமில்லை. நினைவுக் குறிப்பில் சில வரிகளில் கடந்து போன அந்த நாட்டுப்புற நடிகைக்கு உரிய நியாயத்தை நாவலில் ஜயசந்திரிகா முன்னதாகவே பெற்றுவிட்டாள் என்று சொல்லத் தோன்றுகிறது.

படம் நின்று போகிறது, கூடியிருந்தவர்கள் சிதறுகின்றனர். அத்தியாயத்துக்கு அத்தியாயம் வேறொருவர் முன்னே வருகிறார். நேற்றுவரை முக்கியமானவராயிருந்தவர் அடுத்த அத்தியாயத்தில் பேச்சில் மட்டும் அடிபடுகிறார். இவ்வமைப்பைக் குறையென்று சொல்வோர் உளர். கதை தொடர்ச்சியாக ஓடவில்லை, யாரைப் பின்பற்றுவது என்று தெரியவில்லை என்பது அவர்கள் முறையீடு. நாம் மறுக்கிறோம். ஒரு படம் நின்றால் அதை நம்பியிருந்த நூறு பேர் எங்கே போனார் என்று யாருக்கும் தெரியாது. சந்தித்தவர் சொன்னால் உண்டு, இல்லையேல் இல்லை. நடராஜனுடைய வீழ்ச்சியும் நம் கண்முன் நிகழ்வதில்லை. பிறர் பேச்சின் நடுவே செய்தியாக வந்து சேர்கிறது. ஆயிரம் பேருக்கு வண்டி ஏற்பாடு செய்தவர் போன வழியை யாரோ சொல்லக் கேட்கிறோம். கண்ணீர் பெருக்கும் மரணக் காட்சி ஒன்று எழுதியிருந்தால், அம்மனிதருக்கு வாழ்நாளில் கிடைக்காத முக்கியத்துவத்தைச் சாவில் கொடுத்துப் பொய் சொன்னதாக முடிந்திருக்கும். தோட்டத் துண்டாடலின் பின் லயங்கள் காலியானபொழுது, அடுத்த வீட்டுக்காரர் எங்கே போனார் என்பதை நம்மில் பலர் இவ்வாறேதான் அறிந்தோம். சாலையோரக் கடையில், வேறு பேச்சின் நடுவில்.

ஆகவே ஒரே ஆசிரியரின் இரு நூல்களுள் நாவலையே நாம் மேலே வைக்கிறோம். நினைவுக் குறிப்பின் நகை கூர்மையானது, தகவலும் மிகுதி, முகப்பூச்சறையின் சூட்டை நம் முகத்தில் உணர்கிறோம். ஆனால் ஆண்டுகள் பல கழிந்தபின் தொலைவிலிருந்து நோக்கும் கண்ணுக்கு மனிதர் பொம்மைகளாகச் சிறுத்துவிடுகின்றனர். நாவல் எழுதிய காலத்தில் அவர் அந்த வாசலை விட்டு வெளியே வந்து நெடுநாள் ஆகவில்லை. நாளைய சோற்றுக்கு வழி யாது என்ற கேள்வி அவர் எழுத்தில் இன்னும் ஆறவில்லை.

நம் தீவிலும் ஒரு படநிலையம் இருந்தது. ஜாலான் அம்பாஸ் 8-ஆம் எண்ணில் ஷா சகோதரர்களின் மலாய்ப் பட நிலையம் 1967 வரை நடந்தது. பி. எஸ். ராஜ்ஹான்ஸ், பி. என். ராவ், எல். கிருஷ்ணன், எஸ். ராமநாதன் எனப் பல இந்திய இயக்குநர்கள் அங்கே மலாய்ப் படங்களை இயக்கினர். இயக்குநர் பெயர்களை வரிசையாகச் சொல்ல நம்மால் முடிகிறது. அங்கே பலகை அறுத்தவர், கம்பத்து வீட்டுக்கு அத்தாப்பு வேய்ந்தவர், சுல்தானுடைய மண்டபத்துக்குத் தங்கவர்ணம் பூசியவர் பெயர்களில் ஒன்றையேனும் சொல்ல முடியுமா? அவர்களுடைய பேரப்பிள்ளைகள் இந்நகரில் இருக்கக்கூடும். பாட்டனார் சொன்ன கதைகள் இருப்பின் எழுதியனுப்புக. இவ்வனுபந்தத்தில் இடம் உண்டு. தமிழ் வழுவாயிருந்தாலும் கவலை வேண்டா, திருத்திக்கொள்ளலாம்.

தோட்டப் பள்ளிகளிலும் சங்கங்களிலும் நூல்நிலையம் வைத்திருப்போர் 'கரைந்த நிழல்கள்' நூலை வாங்கி வைப்பாராக. ஆங்கிலம் அறிந்த மாணவர் மற்ற நூலையும் தேடிப் படிக்கலாம். படிக்கும்பொழுது அந்த ஆபீஸ் பையன் வரும் பக்கங்களில் சற்று நின்று போகுமாறு வேண்டுகிறோம். அவர் சொல்லத் துடித்த காவியங்களில் ஒன்றையாவது கேட்டுப் பார்த்திருக்கலாமே என்ற எண்ணம் நமக்கு இன்னும் போகவில்லை.